சாரன் ஜவுபர் வானொலியில் சொன்ன பொய்

மாவட்ட விளையாட்டு விழா மலரில் ஜவுபரைப் பற்றி அரைப் பக்கம் இருக்கிறது. “ஜனாப் எம். எஸ். ஜவுபர் அவர்கள் நெடிதுயர்ந்த தோற்றமும் வேங்கையின் ஓட்டமும் கொண்ட வேகப் பந்துவீச்சாளர். பிரபல வர்த்தகர். மிதபாஷி. களத்திலும் வாழ்விலும் வாய்மை தவறாதவர். தனியொருவராக நின்று எதிரணிகளைச் சாய்த்த கிழக்கின் இடிமுழக்கம்.”

இதை எழுதியவர் ஜவுபரைக் கண்டதே இல்லை என்று சொல்லித் தப்ப முடியாது. இரண்டு பேரும் மருதமுனையில் ஒரே தெருக்காரர்கள். ஆனால் மலர் என்று வந்துவிட்டால் எங்கள் பக்கத்தில் ஆட்கள் வளர்ந்துவிடுவார்கள்.

உயரத்தை முதலில் பார்ப்போம். ஜவுபருடைய சைக்கிளில் ஆசனக் கம்பி கடைசி மட்டத்துக்கு இறக்கி விடப்பட்டிருந்தது. அப்படியும் மிதியை ஒரு சுற்றுச் சுற்றி முடிக்க இடுப்பை இரண்டு பக்கமும் வளைக்க வேண்டியிருந்தது. வேங்கையின் ஓட்டம் என்பதும் கொஞ்சம் யோசிக்க வேண்டிய விஷயம். கடற்கரைத் திடலில் கடல் பக்கமாக மையவாடிச் சுவர் இருந்தது. அந்தச் சுவரைக் கையால் தொட்டுவிட்டுத்தான் ஜவுபர் ஓடத் தொடங்குவார். சுவருக்கு அப்பால் அடக்கம் செய்யப்பட்டவர்கள் இருந்ததால் ஓட்டத்தை நீட்ட வழியில்லை. உள்ளூரில் பந்து வீசிப் பழகிய அந்தக் குறுகிய ஓட்டத்தை வெளியூர்களில் எவ்வளவு பெரிய மைதானம் கிடைத்தாலும் அவர் மாற்றவில்லை. பின்னால் ஒரு சுவர் இருப்பதாகவே நினைத்துக்கொண்டு வீசினார்.

பிரபல வர்த்தகர் என்பது ஓரளவு சரி. மருதமுனைத் தறிகளில் நெய்த, ஆண்கள் இடுப்பில் உடுத்தும் சாரன்களைக் கட்டாகக் கட்டிச் சைக்கிளின் பின்னால் வைத்து, கரையோரமாகவே தெற்கே கோமாரி வரைக்கும் போய் விற்பது அவருடைய தொழில். வழியில் உள்ள கிராமங்களிலெல்லாம் “சாரன் ஜவுபர்” என்றால் தெரியும். மிதபாஷி என்பதற்கு விளக்கம் தேவையில்லை. பந்து கையை விட்டுப் போகும்போதுகூடக் கதைத்துக்கொண்டிருந்த ஒரே பந்துவீச்சாளர் அவர்தான் என்று நினைக்கிறேன். வாய்மையைப் பொறுத்தவரை, மலர் வெளிவந்த எண்பத்தொன்பதாம் ஆண்டில் கல்முனை முதல் பொத்துவில் வரை பாதிப் பேர் அவரைப் பொய்க்காரன் என்றுதான் அறிந்திருந்தார்கள்.

இதற்கெல்லாம் ஜவுபர் சிரித்தார். அச்சிமுகம்மதுவின் தேநீர்க் கடையில் யாரோ மலரை உரக்க வாசித்தபோது உயரத்துக்குச் சிரித்தார், வேங்கைக்குச் சிரித்தார். “தனியொருவராக” என்ற இடம் வந்ததும் மலரை வாங்கி மடித்துச் சாரன் கட்டுக்குள் செருகிக்கொண்டு எழுந்து போய்விட்டார்.

அந்த ஒரு சொல்தான் பொறுக்க முடியாததாக இருந்தது. ஏனென்றால் ஜவுபர் ஒருபோதும் தனியாக இருக்கவில்லை. விக்கெட்டுக்குப் பின்னால் தங்கரத்தினம் இருந்தான்.

தங்கரத்தினம் வினாயகபுரத்து மீனவன். திருக்கோயிலுக்கும் தெற்கே உள்ள ஊர். எழுபத்தாறாம் ஆண்டளவில் ஜவுபர் அங்கே சாரன் விற்கப் போனபோது அறிமுகமானது. சைக்கிளை விட்டு இறங்காமலே, மடித்த சாரனைக் கேட்டவர்களிடம் எறிந்து காட்டுவது ஜவுபரின் விற்பனை முறை. இறங்கினால் திரும்ப ஏறுவது அவருக்குக் கஷ்டம் என்பது வேறு கதை. அன்றைக்கு வலை பொத்திக்கொண்டிருந்த ஒருவன், எறிந்த சாரனைத் தலை நிமிராமல் இடக்கையால் பிடித்துப் பக்கத்தில் வைத்தான். ஜவுபர் வேண்டுமென்றே இன்னொன்றைக் கொஞ்சம் அகலமாக எறிந்தார். அதையும் பிடித்தான். மூன்றாவதைத் தலைக்கு மேலால் எறிந்தார்.

“காக்கா, நான் ஒண்டுதான் கேட்டன்” என்றான் அவன், மூன்றையும் அடுக்கி வைத்துக்கொண்டு.

“சாரன் கிடக்கட்டும். நீ பந்து பிடிப்பயா?”

அப்படித்தான் பிறைக்கொடி விளையாட்டுக் கழகத்துக்கு ஒரு விக்கெட் காப்பாளர் கிடைத்தான். சனிக்கிழமைகளில் பஸ் ஏறி மருதமுனைக்கு வருவான். கையில் கருவாட்டுப் பொட்டலம் இருக்கும். ஜவுபரின் வீட்டில் தங்கி, ஞாயிறு விளையாடிவிட்டுத் திரும்புவான். ஜவுபரின் மனைவி முனவ்வறா முதல் சில கிழமை அவனுக்காகத் தனியாக ஏதோ சமைத்தாள். பிறகு அவன் எதைப் போட்டாலும் சாப்பிடுவான் என்று கண்டு விட்டுவிட்டாள். அண்ணன் என்ற முறையில் சொன்ன “காக்கா” சீக்கிரமே “மச்சான்” ஆனது.

இரண்டு பேருக்கும் ஒரேயொரு விஷயத்தில்தான் பொருந்தவில்லை. மீனவர்கள் மீனை நீட்டுவார்கள், சாரன் வியாபாரி துணியின் தரத்தை நீட்டுவார். தங்கரத்தினம் மட்டும் எதையும் நீட்டமாட்டான். சுறா எவ்வளவு நீளம் என்று கேட்டால், அளக்கவில்லை என்பான். ஜவுபர் ஒரு விக்கெட்டை வர்ணிக்கத் தொடங்கினால் பக்கத்தில் இருந்து திருத்திக்கொண்டே இருப்பான்.

“பந்து அப்படியே பாம்பு மாதிரி சீறிக்கிட்டுப் போய்...”

“சீறல்ல. மெதுவாத்தான் போன. அவன் பிழையா அடிச்சான்.”

“டேய், கதையில கொஞ்சம் உப்புப் போட விடுடா.”

“நடந்தத சொல்லு மச்சான். உப்புப் போட்டா அது கருவாடு.”

ஒரு தடவை அவன் ஊர் திரும்ப பஸ்ஸில் ஏறி உட்கார்ந்துவிட்டான். பஸ் அச்சிமுகம்மதுவின் கடைக்கு முன்னால் ஆள் ஏற்ற நின்றது. உள்ளே ஜவுபர் அன்றைய ஆட்டத்தைச் சொல்லிக்கொண்டிருந்தார். சத்தம் கேட்காவிட்டாலும் கையின் அசைவு யன்னல் வழியாகத் தெரிந்தது. ஸ்டம்ப் விழுந்ததாகக் கை காட்டியது. தங்கரத்தினம் பொட்டலத்தோடு இறங்கி வந்து, “எல்பிடபிள்யூ” என்று சொன்னான். அதற்குள் பஸ் போய்விட்டது. கடையில் எல்லோரும் கைதட்டினார்கள். அவனுக்கு அதில் என்ன வேடிக்கை என்று விளங்கவில்லை. பிழையைக் காதில் வாங்கிக்கொண்டு எப்படி ஊருக்குப் போவது என்று உண்மையாகவே கேட்டான்.

இந்தக் குணத்தை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். பிறகு நடந்ததெல்லாம் இதை நம்பித்தான் நடந்தது.

எழுபத்தொன்பதில் கொழும்பிலிருந்து ஒரு கம்பனி அணி எங்கள் திடலுக்கு வந்து விளையாடியது. அதில் முதலாவதாக ஆட வந்தவர், நாட்டின் அணிக்குப் போகப் போகிறார் என்று அப்போதே பேசப்பட்ட துடுப்பாட்டக்காரர். வெள்ளை உடுப்பில் மடிப்புக் கலையாமல் வந்து நின்று, ஆடுகளமாக விரித்திருந்த கயிற்றுப்பாயை மட்டையால் தட்டிப் பார்த்தார். பாயை இழுத்து ஆணி அடித்தவர்கள் நெசவாளர்கள். நூல் ஒன்று கோணலாக இருந்தாலும் தாங்கமாட்டார்கள். ஆகவே பாயில் குறை ஒன்றும் இல்லை.

கழகத்திடம் இருந்தது ஒரு சோடிக் கையுறை. அதில் இடது கையினுடைய உள்ளங்கையை எலி தின்றுவிட்டது. தங்கரத்தினம் ஜவுபரின் கட்டிலிருந்து ஒரு சாரன் துண்டைக் கிழித்து இடக்கையில் சுற்றியிருந்தான். ஜவுபர் மையவாடிச் சுவரைத் தொட்டார், ஓடினார், எதையோ சொல்லிக்கொண்டே வீசினார். பந்து எழும்பி மட்டையின் விளிம்பை உரசிக்கொண்டு இடப்பக்கமாகப் போனது. தங்கரத்தினம் விழுந்து, துணி சுற்றிய கையால் பிடித்தான். விழுந்தவன் எழும்பாமல் கையை மட்டும் மேலே தூக்கிக் காட்டினான். நடுவர் விரலைத் தூக்கினார். கொழும்புக்காரர் தன் மட்டையைப் பார்த்தார், நடுவரைப் பார்த்தார், பிறகு கடலைப் பார்த்தபடி போனார்.

ஆட்டத்தில் நாங்கள் தோற்றோம். அதை யாரும் ஞாபகம் வைத்திருக்கவில்லை.

எண்பத்திரண்டில் ஜவுபரின் தோள்மூட்டு விலகியது. நாட்டு வைத்தியர் எண்ணெய் போட்டுக் கட்டினார். கை சாரன் எறியுமளவுக்கு வந்தது, பந்து எறியுமளவுக்கு வரவில்லை. ஜவுபர் விளையாட்டை விட்ட அதே கிழமை தங்கரத்தினமும் விட்டான். வேறு ஆள் வீசும் பந்து தன் கைக்குச் சரிவராது என்றான். ஆனால் சனிக்கிழமைகளில் கருவாட்டோடு வருவதை விடவில்லை. அவர்கள் விளையாடிய ஆட்டங்களை முனவ்வறாவின் முன்னால் மறுபடி விளையாடினார்கள். ஜவுபர் நீட்டினார், தங்கரத்தினம் வெட்டினான். தான் பார்க்காத ஆட்டங்களையெல்லாம் அவள் இரண்டு விதமாக அறிந்திருந்தாள்.

எண்பத்தைந்தில் எங்கள் பக்கத்து முஸ்லிம் ஊர்களுக்கும் தமிழ் ஊர்களுக்கும் இடையே கலவரம் வந்தது. யார் தொடங்கியது என்பதற்கு ஒவ்வொரு ஊரிலும் ஒரு விடை இருக்கிறது. எனக்குத் தெரிந்தது, அதற்குப் பிறகு மருதமுனைச் சைக்கிள் வினாயகபுரத்துக்குப் போகவில்லை, வினாயகபுரத்துக் கருவாடு மருதமுனைக்கு வரவில்லை என்பதுதான். ஜவுபர் போக வெளிக்கிட்டார். முனவ்வறா சைக்கிளின் இரண்டு சில்லுகளிலும் காற்றைத் திறந்துவிட்டாள்.

சில மாதம் கழித்து மீன் லொறிச் சாரதி ஒருவர் செய்தி கொண்டு வந்தார். தங்கரத்தினத்தின் வீடு பூட்டிக் கிடக்கிறது, தாயையும் தமக்கையையும் கூட்டிக்கொண்டு மன்னார்ப் பக்கம் போய் இந்தியாவுக்குத் தோணி ஏறியதாகக் கதை. அதற்கு மேல் அவருக்குத் தெரியாது. போய்ச் சேர்ந்தானா, இருக்கிறானா, இல்லையா என்பது யாருக்கும் தெரியாது.

ஜவுபருக்கு மட்டும் இருக்கிறான் என்று உறுதி. அதற்கு அவரிடம் ஒரு ஆதாரம் இருந்தது. எங்கள் கரையில் ஒருவர் செத்தால் அது வானொலியில் வரும். முஸ்லிமோ தமிழரோ, உறவினர் எங்கிருந்தாலும் பணம் கட்டி மரண அறிவித்தல் கொடுத்துவிடுவார்கள். வேறு ஊரிலிருப்பவர்கள் அதைக் கேட்டுத்தான் பஸ் ஏறுவார்கள். வானொலியில் வாசிக்காத சாவை இந்தப் பக்கத்தில் யாரும் முழுச் சாவாக எடுப்பதில்லை. ஜவுபர் ஒருநாள் தவறாமல் மரண அறிவித்தல்களைக் கேட்டார். தங்கரத்தினத்தின் பெயர் வரவில்லை. ஆகவே அவன் இருக்கிறான்.

“இருந்தா ஒரு கடிதாசி போடமாட்டாரா?” என்று முனவ்வறா கேட்டாள்.

“அவன் என்ன எழுதுவான்? சுகம், நலம் எண்டு எழுதுற ஆளா? ஆராவது பிழையாச் சொன்னாத்தான் அவனுக்கு வாய் திறக்கும்.”

அப்போதுதான் வானொலி அவரைத் தேடியது. எங்கள் திடலில் கடலைப் பார்த்தபடி போன அந்தக் கொழும்புத் துடுப்பாட்டக்காரர் எண்பத்தாறுக்குள் பெரிய ஆளாகிவிட்டார். சனிக்கிழமைப் பின்னேர விளையாட்டு நிகழ்ச்சியைச் செய்துவந்த ஷரிபுதீன் என்ற இளம் அறிவிப்பாளர், அவரை இளம் வயதில் ஆட்டமிழக்கச் செய்த கிராமத்தவர் ஒருவர் இருப்பதாக எங்கேயோ கேள்விப்பட்டு ஆளனுப்பினார்.

ஜவுபர் கொழும்புக்குப் போவதற்கு முன்பே நிகழ்ச்சிக்கான அறிவித்தல் ஒன்று போனது. “மருதமுனையைச் சேர்ந்த எம். எஸ். ஜவுபர் அவர்கள்” என்று அது தொடங்கியது. அதற்கு மேல் கேட்க யாரும் காத்திருக்கவில்லை. வானொலியில் அப்படித் தொடங்கினால் எப்படி முடியும் என்று எல்லோருக்கும் தெரியும். அரை மணித்தியாலத்துக்குள் வீட்டு வாசலில் சனம். சாய்ந்தமருதிலிருந்து ஒரு மாமி தலையில் முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு அழுதபடி வந்திறங்கினார். முனவ்வறா மாவு அரித்த கையோடு வந்து நின்றாள்.

“ஆரு மவுத்து?”

“உன்ட மாப்பிள்ளதான் மகளே! ரேடியோவில சொன்னாங்களே!”

“அவர் பின்னுக்குக் கோழிக் கூடு கட்டிக்கிட்டு இரிக்காரு மாமி.”

ஜவுபர் சுத்தியலோடு வெளியே வந்து கூட்டத்தைப் பார்த்தார். “நான் மவுத்தாகி இருந்தா எனக்கிட்டச் சொல்லி இருப்பாங்கதானே?” என்றார். அழுத மாமிக்கு வந்த கோபம் கொஞ்சமல்ல. பஸ் காசு வீண் என்றார். தேநீர் கொடுத்து அனுப்பினார்கள்.

எல்லோரும் சிரித்த அந்த நாளில் ஜவுபர் வேறொன்றைக் கவனித்தார். தன் பெயர் சாய்ந்தமருது வரை அரை மணித்தியாலத்தில் போகிறது. அப்படியானால் கடலுக்கு அந்தப் பக்கமும் போகும். எங்கள் வானொலி இராமேஸ்வரத்தில் கொழும்பைவிடத் தெளிவாகக் கேட்கும் என்று சொல்வார்கள்.

கொழும்புக்குப் போய், அந்தப் பந்தை நடந்தபடியே சொன்னார். ஒரு தடவைகூட உப்புப் போடவில்லை. கடைசியில், “வினாயகபுரம் தங்கரத்தினம், நீ கேட்டா ஒரு வரி எழுது” என்றார்.

ஷரிபுதீன் ஒலிப்பதிவை நிறுத்தினார். கெட்ட மனிதரல்ல. பயந்தவர்.

“ஜவுபர் நானா, ஆள் பேர், ஊர் பேர் வேணாம். யார் எங்கே போனார், ஏன் போனார் என்று நாளைக்கு என்னிடம் கேட்பார்கள். காலம் சரியில்லை. நீங்கள் பந்து வீசினதை மட்டும் சொல்லுங்கள்.”

“பிடிச்சவன் இல்லாம வீசினத எப்பிடிச் சொல்ற?”

“பிடித்தார்கள் என்று சொல்லுங்கள்.”

ஒலிபரப்பில் தங்கரத்தினம் இல்லை. “பிடிக்கப்பட்டது” என்று ஒரு சொல் மட்டும் இருந்தது. யாரும் பிடிக்காமல் தானாகப் பிடிபட்ட பந்து.

நிகழ்ச்சி பிடித்துப்போய் ஷரிபுதீன் மறுபடியும் அழைத்தார். இந்த முறை ஜவுபர் யாருடைய பெயரையும் சொல்லவில்லை. அந்தப் பந்து பாயில் குத்தி உள்ளே திரும்பி நடு ஸ்டம்பைப் பிடுங்கி எறிந்தது என்றார். ஸ்டம்ப் மையவாடிச் சுவர் வரை பறந்தது என்றார். சுவர் இருந்தது பந்துவீச்சாளருக்குப் பின்னால். ஸ்டம்ப் முன்னுக்கு வந்து, அவரையும் தாண்டிப் பறந்திருக்க வேண்டும். வேண்டுமென்றேதான் அப்படிச் சொன்னார். திருத்துகிறவனுக்கு எத்தனை பிழை கொடுக்கலாமோ அத்தனையும் கொடுத்தார்.

“இத அவன் கேட்டா சும்மா இருக்கமாட்டான்” என்று வீட்டுக்கு வந்து முனவ்வறாவிடம் சொன்னார். “பஸ்ஸில இருந்து இறங்கினவன். ‘நடந்தத சொல்லு மச்சான்’ எண்டு கட்டாயம் எழுதுவான். ‘சாரன்காரன், மருதமுனை’ எண்டு போட்டாலே வந்து சேரும்.”

அவன் எழுதவில்லை. மற்ற எல்லோரும் திருத்தினார்கள். அச்சிமுகம்மது கடைக்குள் நுழையவே விடவில்லை.

“டேய் ஜவுபர், ஸ்டம்ப் பறந்ததாமே? நான் பாத்துக்கிட்டு நிண்டன், அது நட்ட இடத்தில நட்டபடி நிண்டது!”

“நீங்க தேயிலைச் சாயம் வடிச்சிக்கிட்டு நிண்டீங்க காக்கா.”

“பிடிச்சவன் இல்லாத நேரம் பாத்து அவன் பிடிச்ச கெச்சையும் திண்டுட்டாய். உனக்கு வெக்கம் இல்லயா?”

ஜவுபர் காரணத்தைச் சொல்லாமல் சைக்கிளைத் திருப்பினார். மலர்க்காரர் சொன்ன மிதபாஷியாக அவர் இருந்தது அந்த ஒரு விஷயத்தில்தான். காரணம் வெளியே தெரிந்தால் யாராவது வானொலிக்கு எழுதி உண்மையைச் சொல்லிவிடுவார்கள், பிறகு திருத்துவதற்கு ஒன்றும் இராது என்று பயந்தார். பழைய கழக நண்பர்கள் முகம் கொடுத்துக் கதைப்பதை விட்டார்கள். தங்கரத்தினத்தை மறந்தவன் என்று அவரை ஒதுக்கியவர்களில் ஒருவருமே தங்கரத்தினத்தை நினைத்துக்கொண்டிருக்கவில்லை.

அந்தத் துடுப்பாட்டக்காரரிடமே ஒரு பத்திரிகை கேட்டுவிட்டது. தான் போல்ட் ஆகவில்லை, விக்கெட் காப்பாளர் பிடித்தார், ஆனால் பந்து மட்டையில் படவேயில்லை என்று அவர் சொல்லியிருந்தார். ஆக அந்தப் பந்தைப் பற்றி மூன்று பேர் மூன்று விதமாகச் சொன்னார்கள். சொல்ல வேண்டிய நாலாவது ஆளிடமிருந்துதான் ஒன்றும் வரவில்லை.

தொலைக்காட்சியும் ஒருமுறை அழைத்தது. முகத்துக்குப் பவுடர் பூசி, ஒரு றப்பர் பந்தைக் கையில் கொடுத்து, கமராவுக்கு முன்னால் வீசுவது போல் நிற்கச் சொன்னார்கள். ஊரில் இருந்த இரண்டு தொலைக்காட்சிப் பெட்டிகளுக்கு முன்னாலும் சனம். ஜவுபர் கலையகத்தில் இருந்தவரிடம் கேட்ட ஒரே கேள்வி, “இது இந்தியாவில தெரியுமா?” என்பதுதான். தெரியாது என்றார்கள். அதற்குப் பிறகு அவர்கள் எத்தனை தடவை அழைத்தும் போகவில்லை. அடக்கமான மனிதர் என்று அவர்கள் நினைத்தார்கள். வானொலி அழைத்தால் மட்டும் தோள்வலியோடு பஸ் ஏறினார். ஒவ்வொரு தடவையும் பிழையைக் கொஞ்சம் பெருப்பித்தார். ஒருமுறை இரண்டு ஸ்டம்ப் பறந்தது. ஒருமுறை, அன்று தனக்கு விக்கெட் காப்பாளரே இருக்கவில்லை என்றார். அதைச் சொல்லிவிட்டு வந்த அன்று சோறு சாப்பிடவில்லை. இதற்கும் எழுதாவிட்டால், என்று தொடங்கினார். முடிக்கவில்லை.

எண்பத்தேழில் இந்திய-இலங்கை ஒப்பந்தம் வந்தது. அடுத்த வருடம், அகதிகளாக இந்தியாவுக்குப் போனவர்களைக் கப்பலில் திருப்பிக் கொண்டு வந்தார்கள். வினாயகபுரத்திலும் சில வீடுகள் திறந்ததாகக் கேள்விப்பட்ட அன்றே ஜவுபர் சைக்கிளை எடுத்தார். இந்த முறை முனவ்வறா தானே காற்றடித்துக் கொடுத்தாள். சாரன் கட்டையும் வைத்துக் கட்டினாள். வெறும் ஆளாகப் போவதைவிட வியாபாரியாகப் போவது நல்லது என்று அவளுக்குத் தோன்றியது.

தங்கரத்தினத்தின் வீட்டுக் கதவு திறந்திருந்தது. அவனுடைய தமக்கை தெய்வானை முற்றத்தில் பற்றை வெட்டிக்கொண்டிருந்தாள். சைக்கிளைக் கண்டதும் கத்தியைக் கீழே போட்டாள்.

“சாரன்காரத் தம்பியா?”

“ஓம் அக்கா. அவன் எங்க, கடலுக்கா?”

ஜவுபர் சைக்கிளை விட்டு இறங்கவில்லை. பழைய பழக்கத்தில் ஒரு சாரனை எடுத்துக் கையில் வைத்திருந்தார். எறிய யாரும் வெளியே வரவில்லை.

“அவன் போய்ச் சேரல்ல தம்பி” என்றாள் தெய்வானை. “கரை தெரியுற தூரத்தில தோணி பிரண்டது. என்னத் தூக்கி மற்றத் தோணியில விட்டான். அம்மாவத் தேடித் திரும்பிப் போனான். ரெண்டு பேரும் வரல்ல.”

“எப்ப?”

“போன அண்டைக்கே.”

எண்பத்தைந்தில். ஜவுபர் கொழும்பு வானொலி நிலையத்தின் படியில் முதல் கால் வைப்பதற்கு முந்தின வருடம்.

அவர் சைக்கிளைச் சாய்த்துவிட்டு மண்ணில் உட்கார்ந்தார். தெய்வானை தண்ணீர் கொண்டு வந்து கொடுத்தாள்.

“ரேடியோவில அறிவித்தல் ஒண்டும் வரல்லயே அக்கா” என்றார். வாதாடுவது போல் இருந்தது.

“ஆரு குடுக்கிற? நான் அந்தப் பக்கம் முகாமில. இஞ்ச ஒருத்தரும் இல்ல.” கொஞ்சம் பொறுத்துச் சொன்னாள், “உங்கட கதை கேட்டனான். முகாமில பக்கத்துக் கொட்டிலில ரேடியோ இருந்திச்சு. ஸ்டம்ப் சுவருக்குப் பறந்த எண்டு சொன்னீங்க. எனக்குச் சிரிப்பும் வந்திச்சு, அழுகையும் வந்திச்சு. அவன் இருந்தா நீந்தியாவது வந்து திருத்தி இருப்பான்.”

“நீங்களாவது ஒரு கடிதாசி போட்டிருக்கலாமே.”

“போட நினைச்சன். நீங்க இல்லாத பொய்யெல்லாம் சொல்லச் சொல்ல எனக்கு விளங்கிப் போச்சு, நீங்க அவனத்தான் கூப்பிடுறீங்க எண்டு. நான் எழுதினா நீங்க நிப்பாட்டிடுவீங்க. உலகத்தில ஒரு ஆளாவது அவன் இருக்கிறான் எண்டு நினைக்கட்டும் எண்டு விட்டுட்டன்.”

ஜவுபர் கட்டை அவிழ்த்து, எல்லாவற்றிலும் நல்லதாக ஒரு சாரனை எடுத்து அவளிடம் நீட்டினார். வீட்டில் ஆண் யாரும் இல்லை என்பது நீட்டிய பிறகுதான் நினைவுக்கு வந்தது. தெய்வானை வாங்கிக்கொண்டாள்.

அந்த வருடம் ஷரிபுதீன் அவரை இன்னொரு தடவை அழைத்தார். கொழும்புத் துடுப்பாட்டக்காரர் விளையாட்டிலிருந்து ஓய்வு பெறுகிறார், விசேஷ நிகழ்ச்சி, ஒலிப்பதிவு இல்லை, நேரடி. அச்சிமுகம்மதுவின் கடையில் வானொலியின் சத்தத்தைக் கூட்டி வைத்திருந்தார்கள். இன்றைக்கு மூன்று ஸ்டம்பும் பறக்கும், நடுவரும் பறப்பார் என்று பந்தயம் நடந்தது. முனவ்வறா வீட்டில் தனியாகக் கேட்டாள்.

“அந்தப் புகழ்பெற்ற பந்தை நேயர்களுக்கு மறுபடி சொல்லுங்கள், ஜவுபர் நானா. ஸ்டம்ப் பறந்தது இல்லையா?”

“இல்ல” என்றார் ஜவுபர். “ஸ்டம்ப் பறக்கல்ல. மட்டையின்ட ஓரத்தில பட்டது. பிடிச்சவர் வினாயகபுரத்தைச் சேர்ந்த தங்கரத்தினம் அவர்கள். இடக்கையால.”

நேரடி நிகழ்ச்சியில் நிறுத்துவதற்கு ஷரிபுதீனிடம் எதுவும் இருக்கவில்லை.

“ஆனால் நானா, இவ்வளவு காலமும் நீங்கள்...”

“இவ்வளவு காலமும் சொன்னது பொய். திருத்துற ஆள் இனி வரமாட்டார். அதனால நான் திருத்துறன்.”

கடையில் யாரும் சிரிக்கவில்லை. வினாயகபுரத்தைச் சேர்ந்த தங்கரத்தினம் அவர்கள். வானொலியில் ஒரு பெயர் ஊரோடும் மரியாதையோடும் வந்தால் அது எதற்கு என்பதை அந்தக் கரையில் எவருக்கும் சொல்லிக் கொடுக்கத் தேவையில்லை. அச்சிமுகம்மது அடுப்பிலிருந்து கேத்தலை இறக்கி வைத்தார். பந்தயம் கட்டியவர்கள் எழும்பிப் போனார்கள். நிகழ்ச்சி முடிந்து வழமைபோல் மரண அறிவித்தல்கள் தொடங்கின. முனவ்வறா அதைக் கேட்காமல் வானொலியை நிறுத்தினாள்.

அதற்குப் பிறகு வானொலி அழைத்தும் ஜவுபர் போகவில்லை. இப்போதும் சைக்கிளில் கோமாரி வரைக்கும் போகிறார். வினாயகபுரத்தில் இறங்கித்தான் சாரன் காட்டுகிறார், எறிவதில்லை. அவருடைய பெயர் இப்போது மலரில்தான் இருக்கிறது, நெடிதுயர்ந்தவராக, தனியொருவராக.

எழுபத்தொன்பதாம் ஆண்டு மருதமுனைக் கடற்கரைத் திடலில், எம். எஸ். ஜவுபர் மையவாடிப் பக்கமிருந்து ஒரு பந்து வீசினார். அது மட்டையின் விளிம்பில் பட்டது. தங்கரத்தினம் பிடித்தார்.